நிலம் வாங்கும்போது பாதை விஷயத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

"மாமூல் நடைபாதை, வண்டிப்பாதை பாத்தியங்கள் உள்பட" என்ற வரி தமிழ்நாட்டுக் கிரயப் பத்திரங்களில் பெரும்பாலும் இருக்கும். அதை நம்பி ரோட்டைத் தொடாத நிலத்தை வாங்குவதுதான் பெரிய தவறு. விற்பவர் தனக்குள்ள உரிமையைத்தான் எழுதிக்கொடுக்க முடியும். பாதை பக்கத்துக்காரர் நிலத்தில் போகிறது என்றால், அவரோ அவருக்கு முந்தைய உரிமையாளரோ அதை எழுதிக்கொடுத்திருக்க வேண்டும். இல்லையென்றால் சட்டப்படி அந்த உரிமை உருவாகியிருக்க வேண்டும்.

அதனால் மூலப்பத்திரம் வரை பின்னோக்கிப் படியுங்கள். ரோட்டோரமுள்ள முன்நிலமும் அதற்குப் பின்னாலுள்ள நிலமும் ஒரே குடும்பத்துச் சொத்தாக இருந்திருந்தால், பாகப்பிரிவினைப் பத்திரத்தில் பாதை குறிக்கப்பட்டிருக்கலாம். வில்லங்கச் சான்றையும் நீங்கள் வாங்கும் சர்வே எண்ணுக்கு மட்டும் போடாமல், பாதை கடக்கும் சர்வே எண்ணுக்கும் போட்டுப் பாருங்கள். பலரும் விடுவது இதைத்தான்.

எழுத்தில் ஒன்றும் இல்லையென்றால், முன்பணம் கொடுக்கும் முன்பே பக்கத்துக்காரரிடம் பாதை உரிமைப் பத்திரம் எழுதி வாங்கிப் பதிவு செய்யுங்கள். உங்கள் கிரயத்தில் அவர் சாட்சிக் கையெழுத்துப் போடுவது இதற்கு ஈடாகாது. சொத்து விவரத்தில் "சர்வே எண் இன்னதில் வடபுறமாக, கிழமேல் 180 அடி, தென்வடல் 12 அடி" என்று அளவு இருக்கட்டும், வரைபடமும் இணையட்டும். எதற்கான பாதை என்பதும் முக்கியம். ஆள் நடக்கும் உரிமைக்குள் லாரி ஓட்டும் உரிமை அடங்காது. மின்கம்பி, தண்ணீர்க் குழாய் கொண்டுபோக வேண்டுமானால் அதையும் தனியாக எழுதுங்கள்.

புலப்படத்தில் (சர்வே எண்ணுக்கான அரசு அளவை வரைபடம், FMB) புள்ளிக்கோடாக வண்டிப்பாதை தெரிந்தால் அது அரசுப் பாதை என்று முடிவு கட்டிவிடாதீர்கள். பட்டா நிலத்துக்குள்ளும் அப்படிக் குறித்திருப்பார்கள். பாதைக்குத் தனி சர்வே எண் இருக்கிறதா, கிராம நிலப் பதிவேடான அ-பதிவேட்டில் அது பாதைப் புறம்போக்கா, அதாவது பாதைக்கான அரசு நிலமா என்று பாருங்கள்.

"காலம் காலமாகப் போய் வருகிறோம்" என்பதும் தானாக உரிமை ஆகாது. 1882ஆம் ஆண்டு இந்திய வசதியுரிமைச் சட்டத்தின் (Indian Easements Act) 15ஆம் பிரிவு 20 ஆண்டுப் பயன்பாட்டைக் கேட்கிறது. அரசு நிலம் என்றால் 30. பயன்பாடு வெளிப்படையாகவும் இடையறாமலும், உரிமை என்ற நிலையிலும் இருந்திருக்க வேண்டும். பக்கத்துக்காரரிடம் அனுமதி கேட்டு நடந்திருந்தால் அது வெறும் உரிமம்; நிலம் கைமாறினால் புது உரிமையாளரை அது கட்டுப்படுத்தாது.

ஒரே உரிமையாளர் நிலத்தைப் பிரித்து விற்றதால் வழியில்லாமல் போனால் அதே சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி அவசியப் பாதை கிடைக்கும். ஆனால் சுற்றிப் போக வேறு வழி இருந்தாலே இந்த வாதம் நிற்காது. கிடைத்த பிறகும் வேறு வழி பிறந்தால் உரிமை போய்விடும். இதை நம்பி வீடு கட்டக் கூடாது.

பக்கத்துக்காரர் பாதையை வேலி போட்டு அடைத்துவிட்டால் பேச்சுவார்த்தையிலேயே நாளைக் கடத்தாதீர்கள். 15ஆம் பிரிவு கேட்கும் அந்த 20 ஆண்டு, வழக்குப் போடுவதற்கு முந்தைய இரண்டு ஆண்டுக்குள் முடிந்ததாக இருக்க வேண்டும். உடனே வழக்குப் போட்டு, இடைக்கால உறுத்துக்கட்டளையோடு (தடை உத்தரவு), இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையரையும் கேளுங்கள். சக்கரத் தடமும் பழைய வரப்பும் உழுது அழிக்கப்படும் முன் சர்வேயரோடு வந்து அவர் அளந்துவிட வேண்டும். வழக்குரையில் பாதை என் சொந்த இடம் என்றும், பிறர் இடத்தில் எனக்கு வழியுரிமை என்றும் சேர்த்து எழுதினால் ஒன்றை ஒன்று வெட்டிவிடும். தன் நிலத்தில் தனக்கே வழியுரிமை இருக்க முடியாது.