மாட்ரிட் போறீங்களா, மொவிதா காலத்த இப்படித் தேடிப் பாருங்க

மாட்ரிட் போற முக்காவாசிப் பேர் மலசான்யா ஏரியால ரெண்டு பார்ல உக்காந்துட்டு மொவிதா பாத்தாச்சுன்னு வந்துடறாங்க. 80கள்ல இளவட்டங்க பாட்டு, சினிமா, பெயின்ட்டிங்னு ஊரையே பொரட்டிப் போட்ட அலைங்க அது, பார்ல மட்டும் கெடைக்காது.

மொதல்ல சில தேதிய ஒரு பேப்பர்ல எழுதிக்கோங்க. ஸ்பெயின் சர்வாதிகாரி பிராங்கோ செத்தது 1975 நவம்பர் 20, ஆனா தேர்தல் 1977 ஜூன்ல தான் நடந்துச்சு, கருத்தடை சட்டப்படி ஆனதும் 18 வயசுக்கு ஓட்டு வந்ததும் 1978ல, விவாகரத்துக்கு 1981 வரைக்கும் காத்திருக்கணும், அந்த வருஷமே பிப்ரவரி 23ல துப்பாக்கியோட பார்லிமென்ட்டுக்குள்ள பூந்து ஆட்சியப் பிடிக்கப் பாத்தாங்க. இதெல்லாம் மனசுல இருந்தா தான் கலர் முடியோட விடிய விடிய தெருவுல சுத்தின புள்ளைங்களப் புரியும்.

போறதுக்கு ஞாயித்துக்கிழமை நல்லது. காலைல எல் ராஸ்த்ரோ சந்தை, அப்ப கையால தயாரிச்ச குட்டிப் பத்திரிகைங்க அங்க தான் விக்கும். சாயங்காலம் ட்ரிபுனால் மெட்ரோல எறங்கி தோஸ் தெ மாயோ சதுக்கம், பக்கத்துலயே வெலார்தே தெருவுல 1979ல தொறந்த லா வியா லாக்தேயா பார். ராக்-ஓலா கிளப்பத் தேடி அலையாதீங்க, 1985லயே மூடிட்டாங்க.

அந்தக் காலத்து ஆளுங்க யாராச்சும் பேச்சுக்குக் கெடைச்சா வீட்டுச் சண்டையப் பத்திக் கேளுங்க, அரசியல நேரா கேக்க வேணாம். உள்நாட்டுப் போரையும் பசியையும் பாத்த பெத்தவங்க வாயத் தொறக்காதன்னு வளத்தாங்க, ரகசியமா கட்சி வேலை பாத்து ஜெயிலுக்குப் போன அண்ணன் அக்காங்களோ இந்த மொவிதா புள்ளைங்களுக்கு நாட்டப் பத்தி அக்கறையே இல்லன்னு திட்டினாங்க. எனக்கு அந்தத் திட்டு அநியாயமாத் தான் படுது, 36 வருஷ சர்வாதிகாரத்துக்கு அப்புறம் பயமில்லாம ராத்திரில தெருவுல நிக்கறதும் அரசியல் தானே. பெரியவங்க எல்லாரும் எதிரின்னும் நெனச்சுடாதீங்க, பிராங்கோ ஆட்சில புரொபசர் வேலைய இழந்த தியெர்னோ கல்வான் 1979ல மேயர் ஆனப்ப 60 தாண்டிட்டாரு, ஆனா இந்தப் புள்ளைங்க பக்கம் தான் நின்னாரு, 1986 ஜனவரில அவரு எறந்தப்ப லட்சக்கணக்குல ஜனம் தெருவுக்கு வந்துச்சு.

ஹெராயின்ங்கற போதைப் பொருளக் கணக்குல சேக்காமப் பாத்தா பாதிக் கதை தான். ட்ரிபுனால்ல 1ஆம் லைன் ட்ரெயின் ஏறி புவெந்தே தெ வல்லேகாஸ்ல எறங்குங்க. கூலிக்குப் போற சனங்க வாழ்ந்த ஏரியா, ஏகப்பட்ட புள்ளைங்கள ஹெராயின் தின்னுடுச்சு, அம்மாங்க தான் ஒண்ணு சேந்து வித்தவனையும் கண்டுக்காத போலீசையும் எதுத்துத் தெருவுல எறங்கினாங்க. அங்கயும் ஒரு சாயங்காலம் ஒதுக்குங்க.