தனுஷ்கோடியின் இரண்டு கடல்கள்: பிளெண்டரில் அலை செய்யும் முறை

ராமேஸ்வரத்திலிருந்து தனுஷ்கோடி போகும் சாலையில் வலப்பக்கம் மன்னார் வளைகுடா, இடப்பக்கம் பாக் நீரிணை. மீனவர் பேச்சில் முன்னது சீறும் ஆண்கடல், பின்னது அமைதியான பெண்கடல். வாடைக்காற்று வந்தால் பெண்கடலும் குமுறும். இங்கே செய்யப்போவது தென்மேற்குக் காற்றுக் காலத்துக் கடல். பிளெண்டர் என்ற முப்பரிமாண (3D) மென்பொருள் இலவசம், கூடுதலாக எதுவும் வேண்டாம்.

படி 1: மொபைல் வீடியோவோடு சேர்ப்பதாக இருந்தால் ஃபிரேம் ரேட்டை (வினாடிக்கு எத்தனை படம்) 24லிருந்து 30க்கு மாற்றுங்கள். ஒரு பிளேனை (தட்டைத் தளம்) சேர்த்து, அதன் வடிவத்தை மாற்றும் மாடிஃபையர் பட்டியலில் பிசிக்ஸ் பிரிவிலுள்ள ஓஷனைத் தேர்ந்தெடுங்கள்.

படி 2: ரெசல்யூஷனைக் கண்டபடி ஏற்றாதீர்கள். 16 என்று கொடுத்தால் 256×256 கட்டங்கள். 32 என்றால் 1024×1024, பத்து லட்சத்துக்கும் மேல். பழைய லேப்டாப் அங்கேயே படுத்துவிடும். வேலை செய்யும் திரையான வியூபோர்ட்டுக்கு 8, இறுதிப் படம் எடுக்கும் ரெண்டருக்கு 16 போதும்.

படி 3: வேலையின் உயிர் இதுதான். காற்று வேகம் முதலில் 30 என்றிருக்கும். அது வினாடிக்கு 30 மீட்டர், அதாவது மணிக்கு 108 கிலோமீட்டர், புயல்! அந்தக் காற்றின் பேரலை சுமார் 90 மீட்டர் நீளம், கடல் பரப்பின் ஒரு பக்கமோ 50 மீட்டர்தான். அதனால்தான் பலருடைய கடல் குலுங்கும் போர்வையாகத் தெரிகிறது.

பெண்கடலுக்குக் காற்று 5, ஸ்கேல் 0.2, சாப்பினெஸ் (முகட்டின் கூர்மை) 0.6, டெப்த் (ஆழம்) 8. ஆண்கடலுக்குக் காற்று 12, ஸ்கேல் 1.2, சாப்பினெஸ் 1. டெப்த்தை ஏற்கெனவே இருக்கும் 200இலேயே விட்டுவிடலாம். அலையின் உயரம் ஸ்கேலில் இருக்கிறது. காற்று முக்கியமாக அலையின் நீளத்தைத்தான் மாற்றும். காற்றை மட்டும் குறைத்துவிட்டு கடல் அடங்கவில்லையே என்று தேடாதீர்கள். சாப்பினெஸ் அளவு மீறினால் அலை முகடுகள் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து கறுப்பு முக்கோணங்கள் தெரியும்.

அலைன்மென்ட் 0 என்றால் அலை எல்லாப் பக்கமும் ஓடும். கரை தெரியும் காட்சிக்கு அதை 0.7 ஆக்கி, எதிர்த்திசை அலைகளை அடக்கும் டேம்பிங்கை 1 ஆக்குங்கள். இரண்டாவது கடலை நகலெடுத்துச் செய்தால் ரேண்டம் சீடை மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் இரண்டிலும் ஒரே அலைக்கோலம் தெரியும். கரையில் அலை உடைவதை இந்த மாடிஃபையர் செய்யாது. கேமராவைக் கரையை விட்டுச் சற்றுத் தள்ளி வையுங்கள்.

படி 4: கடல் தானாக அசையாது. 1ஆம் ஃபிரேமில் டைம் 0, 301ஆம் ஃபிரேமில் 10 என்று கீஃபிரேம் (அந்த ஃபிரேமுக்கான மதிப்பைப் பதிவது) போடுங்கள். பிறகு கிராஃப் எடிட்டரில் இன்டர்போலேஷனை லீனியர் (ஒரே சீரான வேகம்) ஆக்குங்கள். இல்லாவிட்டால் அலை மெதுவாகக் கிளம்பி, முடிவில் தயங்கி நிற்கும்.

படி 5: ஃபோமை (நுரை) இயக்கி, டேட்டா லேயருக்கு ஒரு பெயர் வையுங்கள். மெட்டீரியலில் ஆட்ரிபியூட் நோடுக்கும் எழுத்து மாறாமல் அதே பெயர். நீரின் ஐஓஆர் (ஒளிவிலகல் எண்) 1.333, ரஃப்னெஸ் (சொரசொரப்பு) 0.1க்குள். நுரை மெல்லக் கரைய வேண்டுமென்றால் பேக் செய்ய வேண்டும், அதாவது அலைகளை முன்கூட்டியே கணக்கிட்டுக் கோப்புகளாகச் சேமிக்க வேண்டும். பேக் செய்தபின் எந்த எண்ணை மாற்றினாலும் கடல் மாறாது. பேக்கை அழித்துவிட்டு மாற்றுங்கள்.

படி 6: நேரடியாக வீடியோவாக ரெண்டர் செய்யாமல் பிஎன்ஜி படங்களாக எடுங்கள். ஓவர்ரைட் டிக்கை நீக்கி வைத்தால், கரண்ட் போய் வந்தாலும் எடுத்த ஃபிரேம்களை விட்டுவிட்டு மிச்சத்திலிருந்து தொடரும். பாதியில் நின்ற ஃபிரேமின் கோப்பு மட்டும் பழுதாகியிருந்தால் அதை அழித்துவிட்டு ஓட்டுங்கள்.