சிரியம் போகிறீர்களா? ராத்தங்க வேண்டாம்

பர்மாவின் சிரியத்தில் பிறந்து இன்று வேறு நாட்டு பாஸ்போர்ட் வைத்திருக்கும் நம்மவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஊருக்கு இப்போது தன்லியின் என்று பெயர். 1993-இல் பாலம் வந்துவிட்டதால் ரங்கூனிலிருந்து படகுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை.

பி.ஓ.சி. (பர்மா ஆயில் கம்பெனி) எண்ணெய் ஆலையைப் பார்க்காமல் வராதீர்கள். யெனாஞ்சாங் கிணற்று எண்ணெய் குழாய் வழியே வந்து சேர்ந்த இடம் அது. ஜப்பானியர் கையில் சிக்கக்கூடாதென்று 1942 மார்ச் 7-ஆம் தேதி வெள்ளைக்காரர்களே அதைத் தகர்த்தார்கள். போருக்குப் பின் எழுந்து நின்றது, 1963-இல் அரசு எடுத்துக்கொண்டது, அப்புறம் தேய்மானம்தான். எண்ணெய் டாங்கிகளில் துரு ஏறி, தகடு செதில் செதிலாக உரிகிறது. துரைமார் பங்களாக்களின் தேக்குத் தூண் மட்டும் இன்னும் அசையவில்லை. சாலையில் நின்று பாருங்கள், போட்டோ எடுக்காதீர்கள். அது அரசு இடம்.

இனி முக்கியமான விஷயம். "சொந்த வீடு இருக்கையில ஹோட்டலா அண்ணே?" என்று சித்தப்பா மகன் விடவேயில்லை, அவன் வீட்டிலேயே ராத்தங்கிவிட்டேன். 2021 ஆட்சிக் கவிழ்ப்புக்குப் பிறகு வீட்டில் யார் ராத்தங்கினாலும் வார்டு அலுவலகத்தில் பதிய வேண்டும். வெளிநாட்டுக்காரர் என்றால் வீட்டில் தங்கவே விடமாட்டார்கள். நடுராத்திரியில் வார்டு அலுவலக ஆட்கள் வந்து கதவைத் தட்டினார்கள். என்னிடம் பாஸ்போர்ட்டை மட்டும் பார்த்துவிட்டுத் தந்துவிட்டார்கள். தம்பியை மறுநாள் சாயங்காலம்வரை அலுவலகத்தில் உட்கார வைத்தார்கள். அவனுடையது நீல அடையாள அட்டை. 1982 குடியுரிமைச் சட்டப்படி இணைக் குடிமகன். முழுக் குடிமகனுக்குத்தான் இளஞ்சிவப்பு. அங்கிருந்தவர் அந்த அட்டையை வாங்கிப் பார்ப்பதும், திருப்பிப் பார்ப்பதும், மேசையில் போடுவதுமாக இருந்தார். எனக்கு வயிறு எரிந்தது. அவன் அப்பாவும் என் அப்பாவும் ஒரே ஆலையில் வேலை பார்த்தவர்கள். தேசியமயத்துக்குப் பிறகு நாங்கள் மதராஸுக்குக் கப்பலேறினோம், சித்தப்பா இருந்துவிட்டார். வேறு என்ன வித்தியாசம் எங்களுக்குள்?

அதனால் காலையிலேயே போங்கள். மதியச் சாப்பாட்டை உறவுக்காரர் வீட்டில் சாப்பிடுங்கள், வேண்டாம் என்று சொல்லாதீர்கள். கொடுக்க நினைக்கும் பணத்தை வீட்டுக்காரம்மா கையில் கொடுங்கள். டாலர் நோட்டில் மடிப்போ கறையோ இருந்தால் மாற்றுவது கஷ்டம், புது நோட்டாக இருக்கட்டும். நாலு மணிக்கெல்லாம் பாலத்தைத் தாண்டிவிடுங்கள். இருக்கச் சொல்லி அழுதாலும் சட்டத்தைப் பேசாதீர்கள், ரோஷப்பட்டு இன்னும் வற்புறுத்துவார்கள். ராத்திரி போட வேண்டிய மாத்திரை ஹோட்டலில் இருக்கிறது என்று சொல்லுங்கள், விட்டுவிடுவார்கள்.