குன்றக்குடி முதல் இரணியூர் வரை: செட்டிநாட்டுக் கோயில் சிற்பங்களை அரை நாளில் பார்க்கும் முறை

போன தை மாதம் பெங்களூரிலிருந்து அத்தையும் பிள்ளைகளும் வந்திருந்தார்கள். நான் காரைக்குடிக்காரன், கோயில்களைச் சுற்றிக் காட்டுகிறேன் என்று பொறுப்பெடுத்துக்கொண்டேன். நகரத்தார் என்ற நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் கோயில்கள் ஒன்பதையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம் என்பது என் திட்டம். மூன்றாவது கோயிலில் அத்தை தூணைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். "ஏப்பா, எல்லாம் ஒண்ணு போலத்தானே இருக்கு. இதுல எது பழசு, எது புதுசு?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. நாலாவது கோயிலுக்குப் போய்ச் சேர்ந்தபோது நடை சாத்தியிருந்தது. நான்கு மணி வரை வெயிலில் காத்திருக்கத் தெம்பில்லாமல் வீடு திரும்பினோம்.

அந்தக் கேள்வி என்னை விடவில்லை. அதன் பிறகு ஐந்தாறு முறை தனியாகப் போய்ப் பார்த்து, ஒரு வரிசையைக் கண்டுபிடித்திருக்கிறேன். இதற்கு முன் கோயில் கலை பற்றி எதுவும் படிக்காதவர்களுக்கும் இது போதும்.

படி 1: ஊர்களைக் குறையுங்கள்

இளையாத்தங்குடி, மாத்தூர், வைரவன்பட்டி, நேமம், இலுப்பைக்குடி, சூரக்குடி, வேலங்குடி, இரணியூர், பிள்ளையார்பட்டி. இவைதான் ஒன்பது. நகரத்தார் வீடுகளில் கல்யாணப் பேச்சு தொடங்கினால் முதலில் கேட்பது "எந்தக் கோயில்?" என்றுதான். திருமணத்துக்குக் கோயிலிலிருந்து மாலை வரும். அதனால் இந்தக் கோயில்களுக்கு ஊர்க்காரர் மனதில் இருக்கும் இடம் வேறு. வழிபடுவதற்கு ஒன்பதுக்கும் போகலாம், போகவும் வேண்டும். சிற்பம் பார்க்க வேண்டுமானால் மூன்று ஊர் போதும்: குன்றக்குடி, பிள்ளையார்பட்டி, வைரவன்பட்டி. தெம்பிருந்தால் இரணியூரையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

குன்றக்குடி அந்த ஒன்பதில் இல்லையே என்று கேட்கலாம். இல்லைதான். ஆனால் அங்கே இருப்பது மலையைக் குடைந்த கோயில், அதாவது குடைவரை. பிள்ளையார்பட்டியில் பாதி மலை, பாதி கட்டடம். வைரவன்பட்டி முழுக்கக் கட்டடம். காரைக்குடியிலிருந்து திருப்பத்தூர் சாலையில் போனால் இந்த மூன்றும் இதே வரிசையில், ஒன்றுக்கொன்று சில கிலோமீட்டர் தூரத்தில் வந்துவிடும். சாலையின் வரிசையும், குடைவதிலிருந்து கட்டுவதற்கு மாறிய வரிசையும் ஒன்றாக அமைந்திருப்பது நமக்குக் கிடைத்த அதிர்ஷ்டம்.

படி 2: நாளும் நேரமும்

காலை 6.30க்குக் காரைக்குடியிலிருந்து கிளம்புங்கள். பகல் 12 மணியை ஒட்டி நடை சாத்தத் தொடங்குவார்கள், மறுபடி திறக்க மாலை 4 ஆகும். ஞாயிறு, சதுர்த்தி, கிருத்திகை, சஷ்டி, ஜனவரி 1 ஆகிய நாட்களைத் தவிர்த்துவிடுங்கள். வைரவன்பட்டிக்குத் தேய்பிறை அட்டமியும் அப்படித்தான். சாமி கும்பிட அவை நல்ல நாட்கள். தூணைப் பார்த்துக்கொண்டு நிற்பதற்கு உகந்தவை அல்ல.

படி 3: கையில் எடுத்துப் போக வேண்டியவை

கேமராவை வீட்டிலேயே வைத்துவிட்டு, ஒரு சின்ன பைனாகுலர் எடுத்துப் போங்கள். கருவறைக்கு மேல் எழும் விமானத்தில் இருக்கும் சுதை (சுண்ணாம்புச் சாந்து) உருவங்களின் முகம் அதில் தெரிவது போல மொபைல் கேமராவில் தெரியாது. அப்புறம், உள்ளங்கை அகலத்தில் ஒரு முகம் பார்க்கும் கண்ணாடி. விதானத்தில், அதாவது கூரையின் உட்புறத்தில் இருக்கும் வேலைப்பாட்டை அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலிக்கத் தேவையில்லை. கண்ணாடியை இடுப்பளவில் பிடித்துக் குனிந்து பார்த்தால் போதும். அத்தைக்கு நான் கொடுத்ததிலேயே அவருக்கு மிகவும் பிடித்தது இந்தக் கண்ணாடிதான்.

டார்ச் வேண்டாம். சன்னதிக்குள் வெளிச்சம் அடிப்பது மரியாதையும் இல்லை, நேராக அடித்தால் புடைப்புச் சிற்பம் தட்டையாகத் தெரியும். பக்கவாட்டில் விழும் மங்கலான ஒளியில்தான் உருவம் எழுந்து வரும். இருட்டுக்குள் போனதும் இரண்டு மூன்று நிமிடம் சும்மா நில்லுங்கள். கண் தானாகப் பழகிவிடும்.

படி 4: போதிகையைப் பழகுங்கள்

நான் தடுக்கி நின்ற இடம் இதுதான், அதனால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன். ஒரு கோயில் திருப்பணியில் வேலை செய்துகொண்டிருந்த ஸ்தபதி ஒருவரிடம் அத்தையின் கேள்வியைக் கேட்டேன். "சாமியப் பாத்து வயசு சொல்ல முடியாது தம்பி, போதிகையப் பாருங்க" என்றார்.

போதிகை என்பது தூணின் தலைக்கும் அதன் மேல் கிடக்கும் உத்திரத்துக்கும் நடுவில், இரு பக்கமும் கை நீட்டியது போல இருக்கும் கல். உத்திரத்தின் பாரத்தை வாங்கித் தூணில் இறக்குவது அதன் வேலை. மரக் கட்டடத்திலிருந்து கல்லுக்கு வந்த உறுப்பு இது. செட்டிநாட்டு வீட்டு வளவில் பர்மாத் தேக்குத் தூண்கள் இருக்குமே, அவற்றின் தலையிலும் இதே உறுப்பை மரத்தில் பார்க்கலாம். வீட்டில் ஒருமுறை பார்த்துக்கொண்டு கிளம்பினால் கோயிலில் கண் நேராக அங்கே போகும்.

குடைவரைகளில் தூண் தடிமனாக, மேலும் கீழும் சதுரமாக, நடுவில் மட்டும் எட்டுப்பட்டையாக இருக்கும். போதிகையும் தடிமன்தான். அதன் விளிம்பு வளைந்திருக்கும், அல்லது அலை அலையாக வரிகள் ஓடும். அலை வரி இருந்தால் தரங்கப் போதிகை என்பார்கள். சோழர் காலத்துக்கு வந்தால் அந்த வளைவு போய், கையைச் சாய்வாக வெட்டி நிறுத்தியிருப்பார்கள். இது வெட்டுப் போதிகை. பிற்காலப் பாண்டியர், விசயநகரக் காலங்களில் கையின் நுனியில் ஒரு மொட்டு எட்டிப் பார்க்கத் தொடங்குகிறது. அது பூமுனைப் போதிகை. நாயக்கர் காலத்திலும் அதற்குப் பிறகும் அந்த மொட்டு நீண்டு, இதழ் விரிந்து, வாழைப்பூவைக் கவிழ்த்தது போலத் தொங்கும்.

வளைவு, வெட்டு, மொட்டு, பூ. இந்த நான்கு சொல்லையும் பிள்ளைகளிடம் சொல்லிக் கொடுத்தேன். அடுத்த முறை போனபோது சின்னவள் எனக்கு முன்னால் ஓடி "மாமா, இது மொட்டு!" என்று கத்தினாள்.

ஒரு எச்சரிக்கை. போதிகை சொல்வது அந்த மண்டபத்தின் வயதை மட்டுமே. உள்ளே இருக்கும் மூர்த்தி அதைவிட மிகப் பழையவராக இருக்கலாம்.

படி 5: குன்றக்குடி

வண்டி நிற்கும் இடத்திலிருந்து எல்லோரும் படியேறி சண்முகநாதரைப் பார்க்கப் போய்விடுவார்கள். நானும் முதல் முறை அப்படித்தான் போய்விட்டு, குடைவரையைப் பார்க்காமலே திரும்பினேன். குடைவரைகள் மேலே இல்லை, மலையின் அடிவாரத்தில் இருக்கின்றன. படிக்கட்டுப் பக்கம் நின்று தேடினால் கண்ணில் படாது. மலையை ஒட்டிச் சுற்றிப் போக வேண்டும். ஊர்க்காரரிடம் "கீழ்க்கோயில், குகைக் கோயில் எங்கே?" என்று கேளுங்கள். மொபைல் வரைபடத்தை நம்பிப் போன எனக்கு அரை மணி நேரம் வீணானது.

முற்காலப் பாண்டியர் கலை இது. ஆயிரத்து இருநூறு ஆண்டுகள் என்று பிள்ளைகளிடம் தோராயமாகச் சொல்லலாம். வாயில்காப்போரைப் பார்த்த பிறகு திருமாலிடம் வாருங்கள். பக்கத்தில் கருடன் மனித உருவில் நிற்கிறார். கருடன் என்றதும் மூக்கும் சிறகும் தேடும் கண்ணுக்கு இது புதிது. கடவுளும் வாகனமுமாக இல்லாமல், இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் நெருக்கம் இருக்கும். இங்கே மட்டும் பத்து நிமிடம் செலவிடுங்கள்.

மேலே சண்முகநாதர் ஆறுமுகத்தோடு மயில் மேல் அமர்ந்திருக்கிறார். வள்ளியும் தெய்வானையும் தனித்தனி மயிலில். மலையே மயில் வடிவம் என்பது ஐதீகம். ஏற முடியாதவர்கள் அடிவாரத்தோடு நிறுத்திக்கொள்ளலாம்.

படி 6: பிள்ளையார்பட்டி

கூட்டம் இருந்தால் முதலில் வரிசையில் நின்று கற்பக விநாயகரைத் தரிசித்துவிடுங்கள். வடக்கு நோக்கிய சன்னதி. மலைப் பாறையிலேயே செதுக்கிய புடைப்பு உருவம், ஆறடி உயரம். இரண்டே கைகள். அங்குசமும் பாசமும் இல்லை. தும்பிக்கை வலப்பக்கம் சுழிந்திருக்கிறது. இடது கை இடுப்பில் இருக்கிறது. பிற்காலப் பிள்ளையார்களின் நான்கு கைகளும் ஆயுதங்களும் வருவதற்கு முந்தைய எளிமை இது. கவசம் சாத்தியிருந்தால் கல்லின் உருவம் முழுதாகத் தெரியாது, அதற்காக வருந்த வேண்டாம். சுழியை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

தரிசனம் முடிந்ததும் வெளியேறிவிடாமல் மண்டபத்தில் ஓரமாக நின்று, கட்டடம் எங்கே முடிகிறது, மலை எங்கே தொடங்குகிறது என்று தேடுங்கள். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவே மூட்டுக் கோடு இருந்தால் அது கட்டியது. கோடே இல்லாமல் ஓடினால் அது மலை. இந்தக் கோட்டைப் பிடித்துவிட்டால் கோயில் இரண்டாகப் பிரிந்து தெரியும்: உள்ளே பாண்டியர் குடைந்தது, வெளியே பின்வந்தவர்கள் கட்டிச் சேர்த்தது. குடைவரைக்குள் லிங்கமும் இருக்கிறது, அதுவும் தாய்ப்பாறையிலேயே வடித்ததுதான்.

உள்ளே ஒரு பழைய கல்வெட்டில் "எக்காட்டூருக்கோன் பெருந்தசன்" என்று ஒரு பெயர் இருக்கிறது. பெருந்தசன் என்றால் பெருந்தச்சன். சிற்பியின் பெயர் இது என்று அறிஞர்கள் சொல்கிறார்கள். பழைய கோயில்களில் அரசர் பெயர் கிடைக்கும், கொடை கொடுத்தவர் பெயர் கிடைக்கும், உளி பிடித்தவர் பெயர் கிடைப்பது அரிது. வரிசையில் நிற்கும்போதே பிள்ளைகளிடம் இந்தப் பெயரைச் சொல்லிவிடுவேன்.

படி 7: வைரவன்பட்டி

10.30க்குள் இங்கே வந்துவிட்டால் அவசரமில்லாமல் பார்க்கலாம். வளரொளிநாதர், வடிவுடையம்பாள் கோயில். வைரவருக்குத் தனிச் சன்னதி. இங்கே தூண்களின் தலையைப் பாருங்கள், எங்கும் பூ. குடைவரையின் தடித்த வளைவை ஒரு மணி நேரம் முன்புதான் பார்த்தோம் என்பதால் வித்தியாசம் சொல்லாமலே விளங்கும்.

அடுத்து கொடுங்கை, அதாவது கூரை விளிம்பில் வெளியே வளைந்து இறங்கும் கல். அதன் அடிப்பக்கம் பாருங்கள். மரச்சட்டமும் குறுக்குச் சட்டமும் வைத்து ஆணி அடித்தது போலவே கல்லில் செதுக்கியிருப்பார்கள். இங்கேதான் அந்தக் கைக்கண்ணாடி வேலை செய்யும். தட்டிப் பார்க்காதீர்கள், மெல்லிய கல் உடைந்தால் திரும்ப வராது.

நேரமிருந்தால் கீழச்சிவல்பட்டிக்குப் பக்கத்தில் இரணியூர். ஆட்கொண்டநாதர், சிவபுரந்தேவி. இரணியனை வதைத்த நரசிம்மரின் தோஷம் இங்கே தீர்ந்தது என்பது தலபுராணம். அம்பாள் சன்னதிப் பக்கத்துத் தூண்களில் நவதுர்க்கையைத் தேடச் சொல்லிப் பிள்ளைகளை விட்டுவிடுங்கள். பெரியவர்களுக்கு அரை மணி நேரம் ஓய்வு கிடைக்கும்.

பின்சேர்க்கை

இதைப் படித்துவிட்டு இளையாத்தங்குடிக்குப் போன ஒருவர், "எல்லாமே பூவாக இருக்கிறது, அப்படியானால் கோயில் புதியதா?" என்று கேட்டிருந்தார். கோயில் பழையது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கடல் கடந்து ஈட்டிய பொருளைக் கொண்டு நகரத்தார் தங்கள் கோயில்களைப் புதுக் கருங்கல்லில் எடுத்துக் கட்டினார்கள். அவர்களுக்கு அது திருப்பணி. பழைய கட்டடம் போய்விட்டதே என்று எனக்கும் சில இடங்களில் மனம் கனக்கும். ஆனாலும் அந்தக் கொடுங்கைகளைச் செதுக்கிய கைகளைக் குறைத்துச் சொல்ல முடியாது.

இன்னொருவர் வயதான அம்மாவோடு போனதாகவும், பதினொரு மணிக்குப் பிரகாரக் கல் சுட்டதாகவும் எழுதியிருந்தார். நான் விட்டுவிட்ட விஷயம். தடித்த பருத்திக் காலுறை ஒரு ஜோடி எடுத்துப் போங்கள். திறந்த பிரகாரத்தை முதலில் சுற்றிவிட்டு, வெயில் ஏறியதும் மண்டபத்துக்குள் வந்துவிடுங்கள். வைரவன்பட்டியில் நான் இப்போது அப்படித்தான் செய்கிறேன்.