அபத்தக் காட்சி எழுதுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தொலைக்காட்சிக்கு அபத்த நகைச்சுவைக் காட்சிகள் எழுதப் புதிதாக வருபவர்களின் பிரதிகளைத் தொடர்ந்து படிக்கிறேன். நீளம், வசனத் தடுமாற்றம் எல்லாம் ஒத்திகையிலேயே சரியாகிவிடும். அதில் சரியாகாதவற்றை மட்டும் சொல்கிறேன்.

எல்லாருக்கும் கிறுக்குப் பிடிக்க வைப்பது

ஒரு பயிலரங்கில் அருமையான கரு வந்தது. இறந்துபோனவர் தன் இறப்புச் சான்றிதழைத் தானே வாங்க அலுவலக வரிசையில் நிற்கிறார். முதல் பக்கத்துக்கு அறையே சிரித்தது. இரண்டாம் பக்கத்தில் எழுத்தர் ஆடாக மாறினார், வரிசையில் நின்றவர்கள் நடனமாடினார்கள், கூரையிலிருந்து குடைகள் கொட்டின. ஒருவரும் சிரிக்கவில்லை. இப்படி ஒரு நல்ல கரு வீணாவதை இன்றும் என்னால் பொறுத்துக்கொள்ள முடிவதில்லை. படமாக்கப் போனால் ஆட்டுக்கும் குடைக்கும் ஆகும் செலவு வேறு.

அந்த எழுத்தர் எழுத்தராகவே இருந்திருக்க வேண்டும். நிமிர்ந்துகூடப் பார்க்காமல், "இறந்தவர் நேர்ல வரக் கூடாது, வாரிசு வரணும்" என்கிறார். "போட்டோல கண்ணு திறந்திருக்கே, இது நீங்கதானா?" என்று சந்தேகப்படுகிறார். பின்னால் நிற்பவர், "சீக்கிரம் முடிங்க சார்" என்று சலித்துக்கொள்கிறார். செத்தவர் வந்து நிற்பது ஒன்றுதான் விசித்திரம். மற்றதெல்லாம் நாம் தினமும் படும் அவஸ்தை.

பிபிசியில் 1969 டிசம்பரில் ஒளிபரப்பான, மான்டி பைத்தான் என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைக் குழுவின் செத்த கிளிக் காட்சியைப் பாருங்கள். வாங்கிய கிளி செத்திருக்கிறது என்று ஒருவர் கடைக்காரரிடம் சண்டைக்கு வருகிறார். 1968-இல் படமாக்கப்பட்ட அதன் முன்வடிவில் கிளியே இல்லை, பழுதான கார்தான். காரின் இடத்துக்குக் கிளி வந்தது. பழுதான சரக்கை விற்றவரிடம் முறையிடும் சண்டை அப்படியே நின்றது. வாடிக்கையாளரான ஜான் கிளீஸின் கோபம் உண்மையான கோபம். கடைக்காரரான மைக்கேல் பேலினோ, கிளி ஓய்வெடுக்கிறது என்று கொஞ்சமும் கூசாமல் சாதிக்கிறார்.

நடிகர் தானே சிரிப்பது

கூடவே கூடாது.

அபத்தத்தைச் சுட்டிக்காட்டுவது

"என்னங்க இது, விசித்திரமா இருக்கே!" என்ற வரி எங்கிருந்தாலும் அடித்துவிடுங்கள்.

பஞ்ச் வரிக்காக இழுப்பது

உச்சத்தைத் தொட்ட காட்சியைக் கடைசி வரி தேடி நீட்டுகிறார்கள். நகைச்சுவைக் கலைஞர் ஸ்பைக் மில்லிகன் 1969-இல் தொடங்கிய 'கியூ5' தொலைக்காட்சித் தொடரில் காட்சிகளைப் பாதியிலேயே கைவிட்டு அடுத்ததற்குப் போனார். மான்டி பைத்தானில் டெர்ரி கில்லியமின் அனிமேஷன் ஒரு காட்சியிலிருந்து இன்னொன்றுக்கு இழுத்துச் சென்றது. சில சமயம் கிரஹாம் சாப்மன் ராணுவ கர்னலாக உள்ளே வந்து, ரொம்ப அசட்டுத்தனமாகப் போகிறது என்று காட்சியையே நிறுத்துவார். வெளியேற இப்படி ஒரு வழியைத் தொடருக்குள் முதலிலேயே அமைத்துக்கொண்டால், சிரிப்பு இறங்குவதற்குள் வெட்டிவிடலாம்.