மெழுகுவர்த்தியில் காபிக்கொட்டையைத் தூவும் முன்

ஏற்காடு போய்வருகிறவர்களின் பையில் காபிக்கொட்டை, மிளகு, ஒரு தைலப் பாட்டில் என்று ஏதாவது இருக்கும். வீட்டில் மெழுகுவர்த்தி செய்யும் பழக்கமும் இருந்தால், அத்தனையையும் மெழுகில் போட்டுப் பார்க்கக் கை துறுதுறுக்கும். போடலாம், ஆனால் சுடர் எட்டாத இடத்தில்.

கண்ணாடி டம்ளரில் ஊற்றிய மெழுகின் மேல் காபிக்கொட்டையும் காய்ந்த ரோஜா இதழும் தூவுவதுதான் அதிகம் நடக்கிற தவறு. போட்டோவுக்கு அழகுதான். ஏற்றி வைத்தால் மேல்மெழுகு ஓரம்வரை உருகிவிடும். வறுத்த கொட்டை லேசானது, மிதந்தபடி திரிப்பக்கம் நகரும். இதழோ மெழுகை உறிஞ்சி, தானே இன்னொரு திரியாகிவிடும். இரண்டு மூன்று இடத்தில் சுடர் எழுந்தால் டம்ளர் விரிசல் விட வேறென்ன வேண்டும்? டம்ளருக்குள் அலங்காரமே வேண்டாம். வெளியே சணல் கயிற்றில் பட்டையைக் கட்டுங்கள், ஏற்றும்போது கழற்றிவிடுங்கள்.

கொட்டை தெரிந்தே ஆக வேண்டுமா? சரி, 3 அங்குலத் தடிமனுள்ள மெழுகுவர்த்தி ஒன்றைப் பெரிய அச்சின் நடுவில் நிறுத்தி, சுற்றியுள்ள இடைவெளியில் கொட்டையையும் காய்ந்த ஆரஞ்சுத் தோலையும் நிரப்பி மெழுகை ஊற்றுங்கள். சுடர் நடுவிலேயே எரிந்து இறங்கும். மணிக்கணக்கில் தொடர்ந்து எரித்தால் மட்டும் ஓரமும் இளகிவிடும், அதற்குள் அணைத்துவிடுங்கள்.

சேலம் பூ மார்க்கெட் மல்லியை அப்படியே போட்டால் ஈரத்தால் படபடவென்று தெறிக்கும், இல்லையென்றால் உள்ளேயே அழுகும். பூ நொறுங்கும் அளவுக்குக் காய்ந்திருக்க வேண்டும்.

வாசனைக்காகக் காபித்தூளைக் கலப்பதும் வீண். தூள் அடியில் படிந்து திரியை அடைக்கும். கேக்குக்கு ஊற்றும் எசென்ஸும் மெழுகோடு சேராது. மெழுகுவர்த்திக்கென்று விற்கும் எண்ணெய்தான் சரி: 100 கிராம் மெழுகுக்கு 6 கிராம் போதும். அள்ளி ஊற்றினால் வாசனை கூடாது, எண்ணெய்தான் மேலே வியர்த்து நிற்கும்.

யூகலிப்டஸ் தைலம் தனி ரகம். 50 டிகிரியை ஒட்டிய சூட்டிலேயே அதன் ஆவி தீப்பிடிக்கும். அடுப்பை அணைத்து, பாத்திரத்தைத் தள்ளி எடுத்துப்போய்த்தான் கலக்க வேண்டும். கைக்குழந்தை இருக்கும் வீட்டில் அந்தத் தைலமே வேண்டாம்.

அப்புறம், மெழுகை நேரடித் தீயில் உருக்காதீர்கள். கொதிநீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்தால் போதும். ஏற்காட்டு உயரத்தில் தண்ணீர் 95 டிகிரி வாக்கிலேயே கொதித்துவிடும், மெழுகுக்கு அதுவே தாராளம். தப்பித்தவறி தீப்பிடித்தால் அடுப்பை அணைத்து, தட்டால் மூடுங்கள். தண்ணீர் ஊற்றினால் எரியும் மெழுகு மேலே சீறி அடிக்கும்.