கல்லில் புழுத்தடம் செதுக்குவது எப்படி

பாரிஸில் 1674இல் எழுந்த போர்ட் சான் மார்த்தான் என்ற தோரணவாயில் வளைவின் கற்களில், செல்லரித்த மரம்போல வளைந்து நெளியும் தடங்களைப் பார்க்கலாம். இதற்கு வெர்மிக்குலேஷன் என்று பெயர். சிறு புழுவைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. நாம் புழுத்தடம் என்றே சொல்வோம்.

துகள் நுண்மையாகவும் சீராகவும் உள்ள சுண்ணாம்புக்கல் இதற்குத் தோது. இங்கிலாந்தின் போர்ட்லண்ட் சுண்ணாம்புக்கல் நன்றாக வரும். ஏடு ஏடாகப் பிரியும் மணற்கல் வேண்டாம்: ஏடுகள் முகத்துக்கு இணையாக அமைந்துவிட்டால், ஈரமும் உறைபனியும் சேர்ந்து, வெட்டாமல் விட்ட மேடுகளைப் பொருக்காக உதிர்த்துவிடும். கருங்கல்லில் முடியாதென்றில்லை, கூலி கட்டாது.

முகத்தை மட்டப்பலகை வைத்துச் சமன் செய்து, நான்கு ஓரமும் 25 மி.மீ. அகலத்துக்குத் தடமில்லாத பட்டி விடுங்கள். பட்டியைத் தட்டை உளியால் முதலிலேயே முடித்துவிட வேண்டும். தடம் பட்டியை வெட்டிக்கொண்டு போனால் கல்லின் விளிம்பு பலமிழக்கும், இணைப்புக் கோடும் கலங்கலாகத் தெரியும்.

பாதி வேலை வரைவதில்தான். பென்சிலால் கைப்பட வரையுங்கள். 600 × 300 மி.மீ. முகத்துக்கு மேடு 15 முதல் 20 மி.மீ. அகலம், பள்ளமும் ஏறக்குறைய அவ்வளவே. நேர்கோடும் கூர்மூலையும் கூடாது, முனைகள் உருண்டு முடியட்டும். வரைந்தபின் ஐந்து மீட்டர் தள்ளி நின்று கண்ணைச் சுருக்கிப் பாருங்கள். எங்காவது வரிசையோ பூவோ முகமோ தென்பட்டால் அழித்துவிடுங்கள். அச்சுத்தாள் வைத்து எல்லாக் கல்லிலும் ஒரே தடத்தைப் பதிப்பது சோம்பேறித்தனம். தலைகீழாகத் திருப்பிப் பதித்தாலும் கண் கண்டுபிடித்துவிடும். லண்டன் பெட்ஃபர்ட் சதுக்கத்து வாசல்களில் இருப்பவை கோட் கல், அதாவது அச்சில் வார்த்துச் சுட்ட மண். அங்கே திரும்பத் திரும்ப வருவதற்கு நியாயம் உண்டு.

வெட்டும்போது பள்ளத்தின் நடுவில் முனை உளியும் கொட்டாப்புளியும் கொண்டு V வடிவில் இறங்குங்கள். கோட்டிலேயே நேரடியாக உளி வைத்தால் மேட்டின் விளிம்பு தெறிக்கும். நடு இறங்கியபின் குறுகிய தட்டை உளியால் கோடு வரை சுவரைச் செதுக்குங்கள். ஆழம் 10 முதல் 12 மி.மீ. அதற்குக் குறைந்தால் தெருவிலிருந்து பார்ப்பவருக்கு அழுக்குக் கறைபோலத்தான் தெரியும். சுவர் செங்குத்தாக நிற்கலாம், மேட்டுக்கு அடியில் குடையக் கூடாது. குடைந்தால் மேடு ஒடியும். கடைசியில் பள்ளத்தின் தரையை முனை உளியால் நெருக்கமாகக் கொத்தி விடுங்கள். அந்தச் சொரசொரப்பு இருந்தால்தான் நிழல் கறுத்து, வழவழப்பான மேடு எடுப்பாகத் தெரியும்.

பலர் கோட்டைவிடும் இடம் கீழ்ப்பட்டி. அதை ஒட்டிய பள்ளத்தில் மழைநீர் அணைகட்டி நிற்கும். பாசி அங்கேதான் தொடங்கும். அங்கு மட்டும் தரையை வெளிப்பக்கமாகச் சரித்து, பட்டியின் உள்விளிம்பைச் சற்றே மழுக்குங்கள்.

மேடு ஒன்று உடைந்தால் ஒட்டவைக்க வேண்டாம். அந்தத் தடத்தையே வேறு பக்கம் வளைத்து வரைந்து தொடருங்கள். தூசுக்கு முகமூடி, கண்ணுக்குக் கண்ணாடி கட்டாயம். மணற்கல் தூசில் நுரையீரலைக் கெடுக்கும் சிலிக்கா அதிகம்.